பத்தாயிரத்து ஒன்றாவது ஆள்: ஆங்கில ரக்பியின் ஒரு பருவத்தை முன்வைத்து

1

2022 மார்ச் மாதத் தொடக்கத்தில் இங்கிலாந்தின் ரக்பி ஃபுட்பால் யூனியன் ஓர் அறிவிப்பு விட்டது. (இந்த அமைப்பை இனி 'சங்கம்' என்றே சொல்லிக்கொண்டு போகலாம்.) நாட்டின் இரண்டாம் அடுக்கு லீக்கான சாம்பியன்ஷிப்பிலிருந்து முதல் அடுக்கான பிரீமியர்ஷிப்புக்கு ஏறுவதற்கு இரண்டு கழகங்கள் மனுப் போட்டிருந்தன. ஒன்று மேற்கு லண்டனின் ஈலிங் டிரெயில்ஃபைண்டர்ஸ். மற்றது தெற்கு யார்க்ஷயரின் டான்காஸ்டர் நைட்ஸ். இரண்டுமே 'குறைந்தபட்சத் தர'ச் சோதனையில் தேறவில்லை. ஆகவே அந்த ஆண்டு யாரும் மேலே ஏறப்போவதில்லை. அறிவிப்பின் சாரம் இவ்வளவுதான்.

அறிவிப்பு வந்தபோது சீசன் முடிந்திருக்கவில்லை. முதலிடத்துக்கு முட்டிமோதிக்கொண்டிருந்தவை இதே இரண்டு கழகங்கள்தான். மிச்ச ஆட்டங்கள் ஆடப்பட்டன. ஈலிங் முதலிடம், டான்காஸ்டர் இரண்டாமிடம். ஈலிங் மேல்முறையீடு செய்து பார்த்தது. அங்கேயும் இல்லை என்றுதான் பதில். ஜெயித்தவர்கள் ஜெயித்த இடத்திலேயே நின்றார்கள்.

காரணம் என்ன? ஆட்டம் சரியில்லை என்று யாரும் சொல்லவில்லை. பிரீமியர்ஷிப்பில் ஆடும் கழகத்தின் மைதானம் குறைந்தது 10,001 பேரைக் கொள்ள வேண்டும் என்று அப்போது விதி இருந்தது. ஈலிங்கின் மைதானமும் டான்காஸ்டரின் காசில் பார்க்கும் ஏறத்தாழ அதில் பாதியைத்தான் கொள்ளும்.

விளையாட்டுப் பக்கத்தில் நாலு வரிச் செய்தியாகப் படித்துவிட்டு மறந்துபோகக்கூடிய சமாச்சாரம்தான். ஆனால் ஓர் அமைப்பு 'கதவு திறந்திருக்கிறது' என்று சொல்லிக்கொண்டே கதவை எப்படிச் சாத்துகிறது என்பதைப் பார்க்க விரும்புபவர்களுக்கு, இதைவிடத் தெளிவான பிரதி கிடைப்பது அரிது. நாவலையும் கவிதையையும் வாசிப்பது போலவே ஒரு லீக்கின் பருவத்தையும் வாசிக்க முடியும். யார் பேசுகிறார்கள், எதைப் பேசாமல் விடுகிறார்கள் என்ற கேள்விகள் அங்கேயும் செல்லும்.

2

ரக்பி தெரியாதவர்களுக்கு இரண்டு வார்த்தை. அணிக்குப் பதினைந்து பேர், நீள்வட்டப் பந்து, எண்பது நிமிடம். பந்தைக் கையால் முன்னோக்கி எறியக்கூடாது. பக்கவாட்டிலோ பின்னாலோதான் கொடுக்க வேண்டும். முன்னே போவதென்றால் பந்தை ஏந்திக்கொண்டு ஓடலாம், அல்லது உதைக்கலாம். எதிரணியின் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைத்தால் அது 'டிரை'. ஆட்டத்தில் வென்றால் அட்டவணையில் 4 புள்ளி. நாலு டிரை அடித்தால் கூடுதலாக ஒன்று. ஏழு அல்லது அதற்குக் குறைந்த வித்தியாசத்தில் தோற்றாலும் ஆறுதலுக்கு ஒன்று. மழையும் சேறுமான குளிர்கால மாதங்களில் பெரும்பகுதி ஆட்டங்கள் நடக்கும்.

2021-22 சாம்பியன்ஷிப்பில் 11 கழகங்கள். ஒவ்வொன்றும் மற்றதோடு இரண்டு முறை மோத, ஆளுக்கு 20 ஆட்டம். இந்தப் பதினொன்றின் பெயரைப் படித்தாலே ஒரு சமூகப் படம் கிடைத்துவிடும். கார்ன்வாலின் கடற்கரை முனையில், பென்சான்ஸில், கார்னிஷ் பைரேட்ஸ். பிரிட்டனோடு சேராத தீவான ஜெர்சியில் ஜெர்சி ரெட்ஸ். அங்கே ஆடப்போகும் அணி கடலைத் தாண்டிப் போக வேண்டும். குளோஸ்டர்ஷயரில் ஒரு பல்கலைக்கழகத்தின் அணியான ஹார்ட்பரி. மோட்டார்த் தொழில் நகரமான கவன்ட்ரி. பிறகு நாட்டிங்ஹாம், பெட்ஃபோர்ட். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கனவான்கள் தொடங்கிய ரிச்மண்டும் லண்டன் ஸ்காட்டிஷும் ஒரே மைதானத்தைப் பகிர்ந்துகொள்கின்றன. பெட்ஃபோர்ட்ஷயரின் ஆம்ப்ட்ஹில் ஒரு சிற்றூர். அந்த ஊரின் மொத்த ஜனத்தொகையே பத்தாயிரத்தைத் தொடாது. கைக்குழந்தை முதல் கிழடுகட்டை வரை ஊரே எழுந்து மைதானத்துக்கு வந்தாலும் 10,001 நிரம்பாது.

இந்த அடுக்கில் முழுநேரத் தொழில்முறை வீரர்கள் உண்டு. பகலில் வேறு வேலை பார்த்துவிட்டு மாலையில் பயிற்சிக்கு வருபவர்களும் உண்டு. மேலடுக்குக் கழகங்கள் தங்கள் இளம் வீரர்களை இங்கே இரவலாக அனுப்பி அனுபவம் தேடித்தரும். மேலடுக்கு வேண்டாமென்று கைவிட்டவர்கள் இங்கே வந்து சேர்வார்கள். ஆக, இது ஒரு நாற்றங்காலாகவும் ஒதுங்குமிடமாகவும் ஒரே நேரத்தில் இயங்குகிறது. இரண்டாலும் லாபம் அடைவது மேலே இருப்பவர்கள். செலவைச் சுமப்பது கீழே இருப்பவர்கள்.

3

இந்தச் செலவுக் கணக்கைக் கொஞ்சம் பார்ப்போம். 2020 பிப்ரவரியில், கொரோனாப் பொதுமுடக்கம் வருவதற்கு முன்பாகவே, சாம்பியன்ஷிப் கழகங்களுக்குத் தரும் மானியத்தைச் சங்கம் வெட்டப்போவதாக அறிவித்தது. ஒரு கழகத்துக்கு ஆண்டுக்குச் சுமார் 5,30,000 பவுண்டாக இருந்தது 2,88,000 பவுண்டு ஆகும் என்றார்கள். ஏறத்தாழ பாதி. இந்த அடுக்குக்குப் போட்ட பணம் உரிய பலனைத் தரவில்லை என்பது சங்கத்தின் வாதம்.

மேலே என்ன நடந்துகொண்டிருந்தது? 2018 டிசம்பரில் சி.வி.சி. என்ற தனியார் முதலீட்டு நிறுவனம் பிரீமியர்ஷிப்பில் 27 சதவிகிதப் பங்கை 20 கோடி பவுண்டுக்கும் அதிகமாகக் கொடுத்து வாங்கியது. மீதிப் பங்குகள் கழகங்களிடம். எத்தனை கழகங்களிடம்? 13. இந்த எண்ணை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

2019-20ல் சாரசன்ஸ் கழகம் சம்பள உச்சவரம்பை மீறியதற்காகத் தண்டிக்கப்பட்டு இரண்டாம் அடுக்குக்கு இறக்கப்பட்டது. அதே ஆண்டு நியூகாசில் மேலே ஏறியது. 2020-21ல் சாரசன்ஸ், இங்கிலாந்து அணியின் நட்சத்திரங்களோடு, கீழடுக்கில் ஆடியது. முதல் ஆட்டத்திலேயே பென்சான்ஸில் கார்னிஷ் பைரேட்ஸிடம் 17-25 என்று தோற்றது. ஆனால் பருவத்தின் முடிவில் ஈலிங்கை இரண்டு ஆட்டங்களில் 60-0, 57-15 என்று நசுக்கிவிட்டு மேலே திரும்பியது. அந்த ஆண்டு மேலடுக்கிலிருந்து யாரும் இறக்கப்படவில்லை. கொரோனாவைக் காட்டிக் கீழிறக்கத்தை நிறுத்திவைத்துவிட்டார்கள். ஆகவே 2021-22ல் பிரீமியர்ஷிப்பில் 13 கழகங்கள். பங்குதாரர்கள் 13. ஆடுபவர்களும் அதே 13. கணக்கு நேர்.

அந்தப் பருவத்திலும் கீழிறக்கம் கிடையாது என்று முன்கூட்டியே தீர்மானமாகியிருந்தது. பதின்மூன்றாவதாக, கடைசியில் வந்த கழகம் பாத். பழம்பெருமை வாய்ந்த பாத். ஒன்றும் ஆகவில்லை; அடுத்த ஆண்டும் அங்கேயே ஆடியது. இதையும் ஈலிங்கின் கதையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். ஒரே நாட்டில், ஒரே சங்கத்தின் கீழ், ஒரே ஆண்டில் மேலடுக்கில் கடைசியாக வந்தவருக்குத் தண்டனை இல்லை. கீழடுக்கில் முதலாவதாக வந்தவருக்குப் பரிசு இல்லை. அப்படியானால் புள்ளி அட்டவணை என்னத்தைத்தான் அளக்கிறது?

4

தமிழில் 'தகுதி' என்ற சொல் இரண்டு வேலை செய்கிறது. ஒருவர் தன் செயலால் ஈட்டிய மேன்மையும் தகுதிதான். ஒன்றைப் பெறுவதற்கு முன்நிபந்தனையாக அவர் கையில் வைத்திருக்க வேண்டியதும் தகுதிதான். ஒரே சொல்லுக்குள் இந்த இரண்டும் கலந்து கிடப்பதால்தான் தகுதியின் பேரால் பேசுபவர்கள் ஒன்றைச் சொல்லி மற்றதைக் கேட்க முடிகிறது. ஆடி ஜெயித்தாயா என்று ஆரம்பித்து, உன்னிடம் எவ்வளவு நிலம் இருக்கிறது என்று முடிக்க முடிகிறது. ஈலிங்கின் பருவம் இந்த இரண்டு தகுதிகளும் வெளிப்படையாகப் பிரிந்து நின்ற தருணம்.

இன்னொன்றும் இருக்கிறது. நம் இலக்கணத்தில் 'தகுதி வழக்கு' என்று ஒரு பிரிவு உண்டு. சொல்லத் தகாததைத் தகுந்த சொல்லால் சொல்லும் முறை அது. அதற்குள் மூன்று வகை: மங்கலம், இடக்கரடக்கல், குழூஉக்குறி. நிறுவனங்களின் மொழியைப் பிரிப்பதற்கு இதைவிட நல்ல கருவி மேலைக் கோட்பாடுகளிலும் சுலபத்தில் அகப்படாது. 'குறைந்தபட்சத் தரம்' என்பது மங்கலம். தரம் வேண்டாமென்று யார் சொல்வார்கள்? 'நிதி நிலைத்தன்மை' என்பது இடக்கரடக்கல். எங்கள் வருமானத்தைப் பங்குபோட இன்னோர் ஆள் வேண்டாம் என்பதைச் சபையில் சொல்லும் விதம். 'மைதான முன்னுரிமை' போன்ற ஷரத்துகள் குழூஉக்குறி. உள்ளே இருப்பவர்களுக்குத்தான் அதன் முழு அர்த்தமும் விலக்குகளும் தெரியும்.

விலக்குகள் என்று சும்மா சொல்லவில்லை. 2002ல் ராதர்ஹாம் இரண்டாம் அடுக்கில் முதலிடம் பெற்றது. மைதானம் தரத்துக்கு இல்லை என்று தடுத்தார்கள். மேலே கடைசியில் வந்த லீட்ஸ் தப்பித்தது. 2012ல் லண்டன் வெல்ஷ், இறுதியாட்டத்தில் கார்னிஷ் பைரேட்ஸை வென்று முதலிடம் பிடித்தது. ஆக்ஸ்ஃபோர்டின் ஒரு கால்பந்து மைதானத்தில் ஆடுவதாகச் சொன்னது. அந்த மைதானத்தில் ஆட்டத் தேதிகளைத் தீர்மானிக்கும் முன்னுரிமை உங்களிடம் இல்லை என்று சங்கம் மறுத்தது. மேல்முறையீட்டில் ஒரு சுயேச்சைக் குழு விசாரித்தபோதுதான் விஷயம் அம்பலத்துக்கு வந்தது: ஏற்கெனவே மேலே இருந்த கழகங்கள் சிலவும் இரவல் மைதானங்களில்தான் ஆடிக்கொண்டிருந்தன, அவற்றுக்கு மட்டும் விதியிலிருந்து விலக்கு. இந்த விதி வணிகப் போட்டிச் சட்டத்துக்கு முரண் என்று குழு தீர்ப்பளித்தது. 2012 ஜூன் கடைசியில் லண்டன் வெல்ஷ் மேலே போனது.

பத்து வருஷம் கழித்து ஈலிங்குக்குச் சொல்லப்பட்ட காரணத்தில் அப்படி அப்பட்டமான ஓட்டை இல்லை. விதி தேறியிருந்தது.

5

10,001 என்ற எண் எங்கிருந்து வந்தது? பத்தாயிரம் என்று முழு எண்ணாகச் சொல்லாமல் ஏன் அந்த ஒன்று?

1971 ஜனவரி 2ஆம் தேதி கிளாஸ்கோவின் ஐப்ராக்ஸ் கால்பந்து மைதானத்தில் ஆட்டம் முடிந்து கூட்டம் வெளியேறும்போது படிக்கட்டில் நெரிசல் ஏற்பட்டு 66 பேர் செத்தார்கள். வீட்லி பிரபு தலைமையில் விசாரணை நடந்தது. அதன் தொடர்ச்சியாக 1975ல் விளையாட்டு மைதானப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. பத்தாயிரம் பேருக்கு மேல் கொள்ளும் மைதானங்களை அரசு குறித்துவைத்து, உள்ளூர் நிர்வாகத்திடம் பாதுகாப்புச் சான்றிதழ் வாங்கச் செய்யலாம் என்று அந்தச் சட்டம் சொல்கிறது. அந்தக் கோட்டைத் தாண்டிய முதல் எண் 10,001.

அதாவது சட்டத்தில் இந்த எண் ஓர் எச்சரிக்கை: இத்தனை பேர் கூடினால் ஆபத்து, கவனமாக இரு. அன்றைய ரக்பி விதியில் அதே எண் ஒரு நுழைவுக் கட்டணமாக மாறியது: இத்தனை பேர் கூடுவதற்கு இடமில்லையென்றால் உள்ளே வராதே. பிணங்களின் மீது எழுதப்பட்ட ஒரு பாதுகாப்பு எண், சொத்தை அளக்கும் எண்ணாக உருமாறியிருக்கிறது. இத்தனைக்கும் சேராத கூட்டத்துக்குத்தான் இந்த இடம். ஈலிங்கின் ஆட்டங்களுக்குப் பத்தாயிரத்தில் பாதிகூட வருவதில்லை. மேலடுக்கில் இருக்கும் நியூகாசிலின் ஆட்டங்களுக்கே பல வாரங்களில் பத்தாயிரம் பேர் வருவதில்லை. மைதானத்தில் அவ்வளவு பேர் இருக்க வேண்டும் என்று விதி கேட்கவில்லை. இருக்க இடம் வேண்டும் என்றுதான் கேட்டது. வராத ஓர் ஆளுக்கு, அந்தப் பத்தாயிரத்து ஒன்றாவது ஆளுக்கு, இடம் கட்டி வைத்தவனே கனவான்.

சங்கத்தின் பக்கத்திலும் நியாயம் இல்லாமலில்லை. விதி முன்கூட்டியே எல்லோருக்கும் தெரிந்ததுதான். தொலைக்காட்சி, பாதுகாப்பு, மருத்துவ வசதி இவற்றுக்கெல்லாம் ஓர் அளவுகோல் வேண்டியிருக்கிறது. இவர்கள் எப்போதும் காட்டும் உதாரணம் எக்ஸெட்டர். 2006ல் ஊருக்கு வெளியே சாண்டி பார்க் என்ற புது மைதானத்துக்குக் குடிபோனது. 2010ல் இரண்டாம் அடுக்கின் இறுதியாட்டத்தில் பிரிஸ்டலை வென்று மேலே ஏறியது. 2017ல் இங்கிலாந்தின் சாம்பியன். 2020ல் இங்கிலாந்துக்கும் ஐரோப்பாவுக்கும் சாம்பியன். பாருங்கள், கட்டிவிட்டு வந்தார்கள், ஜெயித்தார்கள் என்பார்கள். சரிதான். ஆனால் எக்ஸெட்டரைக் காட்டுபவர்கள் ஒன்றைச் சொல்லாமல் விடுகிறார்கள். 2010ல் ஏணி இருந்தது. கட்டினால் ஏறலாம் என்ற உறுதி இருந்ததால் கட்டினார்கள். கீழிறக்கத்தை நிறுத்திவைத்துவிட்டு, மானியத்தைப் பாதியாக வெட்டிவிட்டு, இப்போது கட்டு என்றால் எந்த வங்கி கடன் கொடுக்கும்? கார்ன்வாலில் ஒரு மைதானம் கட்டும் திட்டம் வருஷக்கணக்காகப் பேச்சாகவே இருந்தது.

6

இந்த விளையாட்டில் வாசலைப் பற்றிய சண்டை இன்று நேற்றைக்கு ஆரம்பித்ததில்லை. 1893ல் வடக்கின் கழகங்கள் ஒரு தீர்மானம் கொண்டுவந்தன. சுரங்கத்திலும் ஆலையிலும் சனிக்கிழமையும் வேலை பார்க்கும் ஒருவர் ஆட்டத்துக்காக லீவு போட்டால் கூலி போகும். போன கூலியை ஈடுகட்ட அனுமதியுங்கள் என்பதுதான் கோரிக்கை. லண்டனில் நடந்த கூட்டத்தில் 282க்கு 136 என்று தோற்கடித்தார்கள். கூலி வாங்கி ஆடுவது விளையாட்டின் அறத்துக்கு விரோதம் என்றார்கள். 1895 ஆகஸ்ட் 29ஆம் தேதி ஹடர்ஸ்ஃபீல்டின் ஜார்ஜ் ஓட்டலில் கூடிய கழகங்கள் பிரிந்துபோயின. இருபதுக்கு மேற்பட்ட வடக்கத்திக் கழகங்கள் சேர்ந்து புதிய அமைப்பைத் தொடங்கின. இன்றைய ரக்பி லீக் என்ற தனி ஆட்டம் அங்கிருந்து வந்தது. அங்கே போய் ஆடியவரை, காசு வாங்காமல் ஆடியிருந்தாலும், இந்தப் பக்கம் மறுபடி சேர்ப்பதில்லை. இந்தத் தீண்டாமை ஒரு நூற்றாண்டு நீடித்தது.

பூர்தியு 1978ல் எழுதிய 'விளையாட்டும் சமூக வர்க்கமும்' கட்டுரையில், பலனை எதிர்பாராமல் ஆடுவது என்ற இந்த அமெச்சூர் அறம் உயர்குடிப் பள்ளிகளில் விளைந்த ஒரு வர்க்க அறம் என்று காட்டுகிறார். வாழ்க்கைத் தேவைகளிலிருந்து தூரம் விலகி நிற்க முடிந்தவனுக்குத்தான் பலனிலிருந்தும் விலகி நிற்க முடியும். மற்றவன் கூலியைக் கேட்பான். கேட்டதுமே அவன் 'விளையாட்டு வீரனுக்குரிய பண்பு' இல்லாதவன் ஆகிவிடுவான்.

லீக் முறையைக்கூடச் சங்கம் 1987 வரை ஒத்துக்கொள்ளவில்லை என்பதை இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். அதுவரை யாரோடு யார் ஆடுவது என்பது கழகச் செயலாளர்களின் கடிதப் போக்குவரத்தில் தீர்மானமாகும். நல்ல குடும்பங்களில் சம்பந்தம் பேசுவது மாதிரி. இன்ன கழகத்தோடு ஆடுவது நம் அந்தஸ்துக்குச் சரிப்படாது என்று நினைத்தால் ஆடவேண்டியதில்லை. 1980களில் 'தகுதிப் பட்டியல்' என்று ஒன்றைத் தயாரித்தார்கள் (இங்கேயும் அதே சொல்!). 1987ல்தான் மேலிருந்து கீழ்வரை அடுக்கடுக்கான லீக்குகளும் ஏற்ற இறக்கமும் வந்தன. ஆக, ஏணி என்பது இந்த விளையாட்டில் ஒரு ஜனநாயக வரவு. மரபின் பகுதியாக அது வரவில்லை. மரபைத் தள்ளிக்கொண்டு வந்தது. ஊர்பேர் தெரியாத கழகமும் ஜெயித்துக்கொண்டே போனால் பெரிய வீட்டு வாசலில் போய் நிற்கலாம். 'உன்னோடு ஆட மாட்டேன்' என்று யாரும் சொல்ல முடியாது.

1995 ஆகஸ்டில் சர்வதேச வாரியம் பாரிசில் கூடி, வீரர்கள் பணம் வாங்கலாம் என்று அறிவித்தது. நூறு வருஷத்துக்கு முன் கூலி கேட்டவர்களை எதன் பேரால் விரட்டினார்களோ அந்த அறம் ஒரே நாளில் காலாவதி ஆனது. ஆனால் வாசல்காவலன் வேலையை விடவில்லை, உடுப்பை மாற்றிக்கொண்டான். அன்று 'பணம் வாங்குகிறாய், வெளியே போ' என்றவன் இன்று 'உன்னிடம் பணம் போதாது, வெளியே நில்' என்கிறான். இரண்டு வாக்கியங்களும் எதிரெதிராகத் தெரிந்தாலும் வேலை ஒன்றுதான்.

7

இதோடு நிறுத்தினால் ஈலிங்கை ஒடுக்கப்பட்டோரின் அணியாக்கிவிடும் அபாயம் இருக்கிறது. அப்படி ஒன்றும் இல்லை. ஈலிங்கின் பின்னால் இருப்பவர் டிரெயில்ஃபைண்டர்ஸ் பயண நிறுவனத்தின் நிறுவனர் மைக் கூலி. இங்கிலாந்தின் பெரும் செல்வந்தர்களில் ஒருவர். கழகத்தின் பெயரிலேயே அவரது கம்பெனி இருக்கிறது. அவர் பணத்தில்தான் முழுநேர அணி ஓடுகிறது. ஒரு பணக்காரர் மற்ற பணக்காரர்களின் வீட்டுக்குள் நுழைய முயன்று வாசலில் நிறுத்தப்பட்ட கதையாகவும் இதைச் சொல்லலாம். தப்பில்லை.

நம் கேள்வி அதற்கும் கீழே இருக்கிறது. ஏணி திறந்திருந்தால் எல்லாம் சரியாகிவிடுமா? மேலே போன லண்டன் வெல்ஷுக்கு என்ன ஆனது? 2014-15ல் இரண்டாம் முறை ஏறி, 22 ஆட்டத்திலும் தோற்று, பருவம் முழுக்க ஒரே ஒரு புள்ளி வாங்கியது. 2016 டிசம்பரில் கடனில் மூழ்கிக் கலைப்புக்குப் போனது. 2017 ஜனவரியில் லீக்கிலிருந்தே நீக்கப்பட்டது. முன்பு தடுக்கப்பட்ட ராதர்ஹாமும் ஒரு வருஷம் கழித்து மேலே போய், 2003-04ல் 22க்கு 22 தோற்றுத் திரும்பியதுதான். ஏறியவருக்கு மற்றவர் அளவுக்குப் பங்குத்தொகை கிடையாது; ஏறுவதற்கான பந்தயத்தில் கடன் வாங்குவது மட்டும் உண்டு. ஏணி இருக்கிறது என்ற நம்பிக்கையே கீழே இருப்பவர்களை வரவுக்கு மீறிச் செலவழிக்க வைக்கிறது. அந்த அர்த்தத்தில் ஏணி ஒரு வாக்குறுதி மட்டுமில்லை, தூண்டிலும்கூட.

ஆனால் 'நிலைத்தன்மை'யின் பேரால் கதவைச் சாத்தியவர்களின் வீட்டில் அடுத்த சில மாதங்களில் நடந்ததையும் சொல்ல வேண்டும். 2022 செப்டம்பர் 26ஆம் தேதி வூஸ்டர் திவாலாகி நிர்வாகியின் கைக்குப் போனது. வரித்துறைக்கு மட்டுமே பல லட்சம் பவுண்டு பாக்கி. அக்டோபர் 5ஆம் தேதி வீரர்களின் ஒப்பந்தங்களை வைத்திருந்த கம்பெனியை நீதிமன்றம் கலைத்தது. வீரர்கள் ஒரே நாளில் வேலையற்றவர்கள் ஆனார்கள். அக்டோபர் 17ஆம் தேதி வாஸ்ப்ஸ். மைதானம் வாங்கும் பொருட்டு 2015ல் 3.5 கோடி பவுண்டுக்குக் கடன்பத்திரம் விற்றிருந்த கழகம் அது. வீரர்களும் ஊழியர்களுமாக நூற்றறுபதுக்கும் மேற்பட்டவர்களுக்கு அன்றே வேலை போனது. 2023 ஜூனில் லண்டன் ஐரிஷ், சம்பளமும் கடனும் கட்ட வழியில்லாமல் லீக்கிலிருந்து நீக்கப்பட்டது. பதின்மூன்றில் மூன்று காலி. இந்த மூன்றும் 10,001ஐத் தாண்டிய மைதானங்களில் ஆடியவை. வாஸ்ப்ஸின் மைதானம் முப்பதாயிரத்துக்கும் மேல் கொள்ளும். குறைந்தபட்சத் தரம் எல்லாம் அவற்றிடம் இருந்தது. கட்டடம் இருந்தது, சம்பளம் கொடுக்கக் காசு இல்லை.

கீழே? 2022-23ல் சாம்பியன்ஷிப்பில் முதலிடம் பெற்றது ஜெர்சி ரெட்ஸ். அதுவும் மேலே போகவில்லை. அடுத்த பருவத்தின் தொடக்கத்தில் ஒரு கோப்பை ஆட்டத்தில் பாத் கழகத்தையே தோற்கடித்தது. அதே செப்டம்பர் மாதக் கடைசியில் பணம் தீர்ந்து கடையைக் கட்டியது. 2023-24லும் 2024-25லும் மறுபடி ஈலிங்தான் முதலிடம், அப்போதும் ஏறவில்லை. 2021ல் சாரசன்ஸ் திரும்பியதற்குப் பிறகு 2025-26 பருவம் தொடங்கும்வரை ஒரு கழகமும் ஆடி ஜெயித்து மேலே போனதில்லை. பதின்மூன்றாக இருந்த பிரீமியர்ஷிப் பத்தாகச் சுருங்கியது. காலியான நாற்காலிகளைக்கூட வெளியே நின்றவர்களுக்குக் கொடுக்கவில்லை.

8

அப்படியானால் என்ன கேட்பது? கதவைத் திற என்று மட்டும் கேட்டால் ஒரு கூலியோ இன்னொருவரோ உள்ளே போவார். வாசல் அப்படியேதான் இருக்கும். கேட்க வேண்டியவை வேறு. வருகிற கூட்டத்தின் அளவுக்கு மைதானம் இருந்தால் போதும், ஏறிய பிறகு விரிவாக்கிக்கொள்ள அவகாசம் உண்டு என்று விதியை மாற்றலாம். ஏறியவருக்கு முதல் நாளிலிருந்து சமபங்கு கொடுக்கலாம். அளவுகோலை மைதானத்தின் மீது வைப்பதற்குப் பதிலாகச் சம்பளப் பட்டுவாடாவின் மீது வைக்கலாம்; வூஸ்டரையும் வாஸ்ப்ஸையும் அந்தச் சோதனைக்கு முன்பே உட்படுத்தியிருந்தால் பலரின் பிழைப்பு தப்பியிருக்கும். எல்லாவற்றுக்கும் மேலாக, இரண்டாம் அடுக்கு என்பது முதலடுக்கின் வராந்தா என்ற நினைப்பைக் கைவிட வேண்டும். பெட்ஃபோர்டிலும் பென்சான்ஸிலும் சனிக்கிழமை பிற்பகலில் மழையில் நின்று ஆட்டம் பார்ப்பவர்கள் எங்கேயோ போவதற்காகக் காத்திருக்கும் ஜனங்களல்ல. அவர்கள் வந்து சேர்ந்த இடம் அது.

2021-22 பருவத்தில் எனக்கு முக்கியமாகப் படுவது மார்ச் அறிவிப்புக்குப் பிறகு நடந்த ஆட்டங்கள். ஜெயித்தாலும் ஏற முடியாது என்று எழுத்தில் வந்துவிட்டது. அதன் பிறகும் இரண்டு கழகங்களும் முதலிடத்துக்காக ஆடின, விட்டுக்கொடுக்கவில்லை. இதை வைத்து, பார்த்தீர்களா பலன் கருதாத விளையாட்டு அறம், என்று பழைய கனவான்கள் கண்ணைத் துடைத்துக்கொள்ளலாம். அப்படி வாசிக்க நாம் விடக்கூடாது. அந்த வீரர்கள் சம்பளத்துக்கு ஆடியவர்கள்; அடுத்த வருஷ ஒப்பந்தத்துக்காக, உடம்பு ஓடும் இன்னும் சில வருஷங்களுக்காக ஆடியவர்கள். அட்டவணையில் முதலாவதாக வந்துவிட்டு மேலே வராமல் நிற்கும் ஒரு பெயர், அட்டவணையை நடத்துபவர்களுக்குத் தலைவலி. அந்தப் பெயர் அங்கே இருக்கும்வரை, 'தகுதி உள்ளவர்கள் யாரும் வரவில்லை' என்று அவர்களால் சொல்ல முடியாது. 'வந்தார்கள், நாங்கள் சேர்க்கவில்லை' என்றுதான் சொல்ல வேண்டியிருக்கும்.